ஷாங்காயில் இந்தப் பீஸை யார் பாஸ் பண்ணியது?

படத்தில் அந்தப் பெண் கதவைத் திறக்கிறாள். கழுத்தில் ஸ்கார்ஃப், முடிச்சு இடது தோளில். அடுத்த ஷாட்டில் வாசலில் நிற்கிறாள். முடிச்சு வலது தோளில். காற்று அடிக்கவில்லை, கை அதைத் தொடவும் இல்லை. ஏறக்குறைய நூறு வருடப் பழசு, பேச்சே இல்லாத சீனப் படம். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கறிக்குழம்பு சாப்பிட்டுவிட்டு, லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தேன். வாய் தானாகச் சொல்லிவிட்டது:

"இந்தப் பீஸை யாரு பாஸ் பண்ணா?"

நான் பனியன் கம்பெனியில் மெர்ச்சண்டைசர். துணி வாங்கும் வெளிநாட்டுப் பையருக்கும் எங்கள் தையல் தளத்துக்கும் நடுவில் நின்று இரண்டு பக்கமும் திட்டு வாங்குகிற வேலை. எதைப் பார்த்தாலும் முதலில் கோணல்தான் கண்ணில் படும். அம்மாவுக்கு இது இன்னும் முற்றிப்போன வியாதி. அவள் வேறொரு கம்பெனியில் செக்கிங் டேபிளில் நிற்கிறாள். தைத்து வந்த சட்டையை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்து, குறை இருக்கும் இடத்தில் சிவப்பு அம்புக்குறி ஸ்டிக்கர் ஒட்ட வேண்டும். வீட்டுக்கு வரும்போது அவள் சுடிதார் ஓரத்தில் ஒன்றிரண்டு அம்புகள் ஒட்டிக்கொண்டே வந்துவிடும். அன்றைக்கு அப்படி வந்து சுவரில் ஒட்டியிருந்த ஒன்றைப் பிய்த்து, என் திரையின் சட்டத்தில், அந்தப் பெண்ணின் தோளைப் பார்த்தபடி ஒட்டினாள்.

"எங்க டேபிள்ல எவளாவது இப்படி விட்டிருந்தா சூப்பர்வைசர் கிழிச்சிருப்பான். சீனாக்காரி தூங்கிட்டா போல."

சிரித்தேன். சிரித்து முடிப்பதற்குள் ஒரு சந்தேகம் வந்தது. யார் அந்தச் சீனாக்காரி? படத்தைப் பின்னால் ஓட்டி, தொடக்கத்தில் வரும் பெயர்களுக்கு நேராக ஃபோனைப் பிடித்து மொழிபெயர்க்கச் சொன்னேன். ஷாங்காய்க் கம்பெனி ஒன்றின் பெயர் வந்தது. கதை, இயக்கம், ஒளிப்பதிவு வந்தன. பின்னணித் திரை வரைந்தவர், எழுத்து எழுதியவர்கூட வந்தார். வெட்டி ஒட்டியவர் வரவில்லை. மறுபடி ஓட்டிப் பார்த்தேன். இல்லவே இல்லை. படம் முழுக்க அவர் கைதான் ஓடுகிறது, ஆள் எங்கேயும் இல்லை. என் முதுகில் யாரோ தட்டியது போல இருந்தது.

தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து வேலை தேடி இந்த ஊருக்கு வந்த குடும்பம் எங்களுடையது. இப்போது வீட்டில் நானும் அம்மாவும்தான். டெக்ஸ்டைல் படித்தேன், வேலை கிடைத்தது, அதுவரை எல்லாம் அம்மா போட்ட கணக்குப்படி நடந்தது. இடையில் எனக்கு எடிட்டிங் பைத்தியம் பிடித்தது யார் கணக்கிலும் இல்லை. இலவச மென்பொருளில் சொந்தக்காரர்களின் காதுகுத்து, சடங்கு, ஞானஸ்நானம் எல்லாவற்றையும் வெட்டிக்கொண்டிருந்தேன்.

எங்கள் ஊர் ராயபுரத்தில் லேபிள் அச்சடிக்கும் யூனிட் வைத்திருக்கிற அண்ணன் ஒருவர் மாதம் ஒரு ஞாயிறு மாடி ஹாலில் படம் போடுவார். சீனப் படத்தைப் பார்க்கச் சொன்னதே அவர்தான். அன்று சாயங்காலமே அவருக்கு ஃபோன் போட்டு, மூச்சு விடாமல் எல்லாவற்றையும் கொட்டினேன்.

"ஏனுங்கம்மிணி, இது நல்ல விசயமுங்க" என்றார். "அடுத்த மாசம் மெட்ராஸ்ல இருந்து ஒரு எடிட்டரம்மா வர்றாங்க. அவங்களுக்கு முன்னால இதையவே ஒரு அரை மணி நேரம் பேசிப்போடுங்க."

"நானாண்ணா?"

"பின்ன நானுங்களா? எனக்கு லேபிள் வெட்டத்தான் தெரியும். இன்னொண்ணுங்க, அவங்க அசிஸ்டெண்ட்டுக்கு ஆள் தேடிட்டு இருக்கறாங்களாம். நல்லாப் பேசினா கேட்டுப் பாக்கலாமுங்க."

அம்மாவிடம் சொன்னேன். அதே வாரம்தான் கம்பெனியில் எனக்கு சீனியர் மெர்ச்சண்டைசர் வேலை தருவதாகச் சொல்லியிருந்தார்கள். நான் இன்னும் சரி என்று எழுதிக் கொடுக்கவில்லை. அம்மா வெங்காயம் நறுக்குவதை நிறுத்தாமலேயே தீர்ப்பைச் சொன்னாள்.

"அந்தம்மா உன்னையக் கூப்பிட்டா போ. நான் தடுக்க மாட்டேன். கூப்பிடலன்னா சீனியர் வேலைக்கு சரின்னு சொல்லிட்டு, இந்தக் கோட்டித்தனத்த மூட்ட கட்டி வச்சிரணும். என்னட்டி?"

"சரிம்மா."

அவ்வளவுதான் ஒப்பந்தம். கையெழுத்து மட்டும்தான் பாக்கி.

மறுநாளிலிருந்து தேட ஆரம்பித்தேன். எனக்குச் சீனம் தெரியாது. ஆங்கிலத்தில் கிடைப்பது கொஞ்சம். மீதியைச் செயலியில் போட்டால், அது கொடுக்கும் தமிழைப் புரிந்துகொள்ள இன்னொரு செயலி வேண்டும். ஒரு கட்டுரையில் படக் கம்பெனி முதலாளியின் மைத்துனர்தான் படத்தை வெட்டினார் என்று வந்தது. ஆபீசிலேயே எழுந்து நின்றுவிட்டேன். சந்தேகப்பட்டு மறுபடி போட்டால் மைத்துனரைக் காணோம். முதலாளி சம்பளத்தை வெட்டினார் என்று வந்தது. பக்கத்து சீட்டுக்காரி, "என்னடி, பையர் மெயிலா? இப்படி முழிக்கறே?" என்றாள்.

எனக்குப் புரிந்த வரைக்கும், அந்தக் காலத்து ஷாங்காயில் பல படங்களுக்கு எடிட்டர் என்று தனி ஆளே கிடையாது. இயக்குநரே வெட்டினார் என்கிறது ஒரு பக்கம். ஒளிப்பதிவாளர் ஃபிலிம் கழுவும் லேபில் உட்கார்ந்து ஒட்டினார் என்கிறது இன்னொன்று. இல்லை இல்லை, பெயர் தெரியாத லேப் ஆட்கள் என்கிறது வேறொன்று. மூன்றையும் படித்த பிறகு முன்னைவிடக் குறைவாகத்தான் தெரிந்தது. ஓட்டிப் பார்த்து வெட்ட எந்திரம் இல்லாத இடங்களில் ஃபிலிமை விளக்குக்கு நேராகத் தூக்கிப் பிடிப்பார்களாம். கையால் இழுத்து, அசைவு இங்கே முடிகிறது என்று கண்ணாலேயே ஊகித்துக் கத்தரி வைப்பார்களாம். பிறகு ஓரத்தைச் சுரண்டி, பசை தடவி, அழுத்திப் பிடித்து ஒட்டுவது. இந்த வேலைக்குப் பழைய சீனச் சொல்லே வெட்டு, ஒட்டு என்ற இரண்டு எழுத்துகள்தானாம். சில வருடங்கள் தள்ளி வந்த படங்களில் எடிட்டர் பெயர்கள் தலைகாட்டுகின்றன. அந்தப் பெயர்கள் ஆணா பெண்ணா என்று எனக்குத் தெரியவில்லை. கேட்பதற்கும் ஆள் இல்லை.

ஆனால் மனதுக்குள் அது பெண் என்று முடிவாகிவிட்டது. எங்கள் ஊரில் துணியை வெட்டுவது ஆண்கள். கட்டிங் மாஸ்டர் என்று ஒரு பெண்ணை நான் பார்த்ததில்லை. ஆனால் நீள மேசை, தலைக்கு மேல் குழல்விளக்கு, எதையாவது வெளிச்சத்துக்குத் தூக்கிப் பிடித்துக் கண்ணைச் சுருக்குகிற முகம் என்றால் அது பெண்தான். விளக்குக்கு நேராகத் தூக்கிப் பிடித்தார்கள் என்று படித்ததுமே எனக்கு அம்மாவின் டேபிள் தெரிந்தது. மனதளவில் அங்கே போய் உட்கார்ந்துகொண்டேன். எழுந்து வரவே மனமில்லை.

அடுத்து அளவெடுக்கத் தொடங்கினேன். எங்களுக்கு அளவு எடுக்காமல் எதுவும் நம்பிக்கை வராது. சட்டைக்கு மெஷர்மெண்ட் சார்ட் போடுவது போலவே படத்துக்கும் போட்டேன். ஒவ்வொரு ஷாட்டும் எவ்வளவு நேரம் நிற்கிறது, இடையில் வரும் எழுத்து அட்டை எவ்வளவு நேரம் நிற்கிறது என்று கட்டம் கட்டமாக. அந்தப் படங்களில் வசனம் அட்டையில்தான் வரும். பல அட்டைகளில் சீனமும் ஆங்கிலமும் சேர்ந்தே இருக்கும், சட்டைக்குள் தைக்கிற வாஷ் கேர் லேபிளில் நாலு மொழி நெருக்கியடிக்கிற மாதிரி. அட்டைகள் ரொம்ப நேரம் நின்றன. ஆங்கிலத்தை இரண்டு தடவை படித்துவிட்டு, சலித்துப்போய், கூரையைப் பார்த்துவிட்டு வந்தாலும் அட்டை அங்கேயே இருந்தது.

ஏன் இவ்வளவு தாராளம்? ஒரு யோசனை வந்தது. அட்டை ஒன்றைத் தமிழில் எழுதி, அம்மாவைச் சத்தமாகப் படிக்கச் சொன்னேன். அம்மா பள்ளிக்கூடம் போனது கொஞ்ச நாள்தான். உதட்டை அசைத்து, எழுத்தைக் கூட்டித்தான் படிப்பாள். "நீ... போ... னால்... இந்த... வீட்டில்... விளக்கு... எரியாது." அவள் முடித்த நொடியில் திரையில் அட்டை மாறியது. இன்னொன்று கொடுத்தேன். அதுவும் ஒத்துப்போனது.

"ஏட்டி, என்னைய வச்சு சோதனை பண்ணுதியா?"

"அம்மா, ஷாங்காய்ல உன்னை மாதிரி ஒருத்தி இருந்திருக்கா. இல்லன்னா உன்னை மாதிரி ஒருத்திக்காக வெட்டின ஒருத்தி இருந்திருக்கா!"

அம்மா தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள். ஆனால் மறுநாள் டேபிளில் எல்லோரிடமும் சொல்லிவிட்டாள், மகள் மேடையேறித் தன்னைப் பற்றிப் பேசப் போகிறாள் என்று.

என் பேச்சு தயார். எழுதப் படிக்கத் திணறுகிறவர்களைத் தெரிந்த, பெயரில்லாத ஒரு பெண், விளக்கு வெளிச்சத்தில் ஃபிலிமைப் பிடித்துக்கொண்டு, இன்னும் கொஞ்சம் நிற்கட்டும், அவள் படித்து முடிக்கட்டும் என்று காத்திருந்திருக்கிறாள். எடிட்டரம்மா எழுந்து வந்து என் கையைப் பிடிப்பது வரைக்கும் கற்பனை ஓடிவிட்டது.

பேச்சுக்கு முந்தைய வாரம் அதை அண்ணனிடம் வாசித்துக் காட்டப் போனேன். கீழே எந்திரம் ரிப்பன் ரிப்பனாக லேபிள் துப்பிக்கொண்டிருந்தது. அண்ணன் கவனமாகக் கேட்டார். கேட்டு முடித்து, காதைச் சொறிந்தார்.

"அம்மிணி, தப்பா நினைக்காதீங்க. நான் பாத்த படத்துல அந்த எழுத்து அத்தன நேரம் நிக்கலீங்களே."

"அதே படம்தானேண்ணா?"

"அதேதானுங்க. சித்த இருங்க."

தன் ஹார்ட் டிஸ்கைச் செருகி ஓட்டினார். அட்டை வந்தது, போனது. அம்மா படித்திருந்தால் "நீ போ" வரைக்கும்தான் வந்திருப்பாள். "அந்தக் கதவு சீனுக்குப் போங்கண்ணா" என்றேன். பெண் கதவைத் திறக்கிறாள், முடிச்சு இடது தோளில். அடுத்து, என் காப்பியில் இல்லாத ஒரு ஷாட். தெருவில் ஒரு ரிக்‌ஷாக்காரர் முகத்தைத் துடைத்துக்கொண்டு நெடுநேரம் வானத்தைப் பார்க்கிறார். அதற்குப் பிறகுதான் வாசல். முடிச்சு வலது தோளில். அதற்குள் பொழுது கொஞ்சம் போயிருக்கிறது, அவள் அவிழ்த்துக் கட்டியிருப்பாள். குறை என்று ஒன்றுமே இல்லை.

"அப்ப உங்கூட்டு அம்மா சொன்ன அந்தச் சீனாக்காரி தூங்கலீங்க" என்றார் அண்ணன். "நடுவால வேற எவனோ பிச்சுப் போட்டிருக்கறான்."

யார் பிய்த்தது? ஃபிலிம் தானாக அறுந்ததா, நீளம் அதிகம் என்று யாராவது எடுத்தார்களா? இல்லை, அண்ணன் காப்பியில்தான் யாரோ பின்னால் ரிக்‌ஷாக்காரரைச் செருகினார்களா? எது முந்தியது, எது பிந்தியது?

என் தப்பு எனக்குத் தெரிந்தது. எங்கள் வேலையில் ஒரு ஆர்டருக்கு ஒரே சாம்பிள்தான் மூலம். பையர் பார்த்து, சரி என்று சீல் வைத்தது. அதை ஆணியில் மாட்டி வைத்துக்கொண்டு லட்சம் பீஸையும் அதோடு ஒப்பிடுவோம். கைக்கு முதலில் வந்த காப்பியை நான் அப்படி மாட்டிவிட்டேன். சீல் வைத்தது யார் என்று கேட்கவே இல்லை. சாம்பிளைப் பார்த்துச் செய்த சாம்பிளைப் பார்த்துச் செய்த சாம்பிள் எப்படி இழுபடும் என்று தினமும் பார்க்கிற ஆள் நான்.

விட்டுவிட மனம் வரவில்லை. துணி துவைத்தால் சுருங்கும். எவ்வளவு சுருங்கும் என்று தெரிந்தால் பழைய அளவைக் கண்டுபிடித்துவிடலாம். பேசாப் பட காலத்தில் கேமராவைக் கையால் சுற்றினார்கள், ஓட்டுகிற வேகமும் இடத்துக்கு இடம் மாறியது என்று படித்திருந்தேன். ஆகவே இரண்டு காப்பிக்கும் நடுவில் இருப்பது ஓட்டிய வேகத்தால் வந்த வெறும் சுருக்கம்தான் என்று முடிவு கட்டி, ஒரு விகிதம் போட்டுப் பெருக்கினேன். ஆட்கள் நடமாடும் ஷாட்டுகள் அழகாக ஒத்துப்போயின. அட்டைகள் ஒத்துவரவே இல்லை. ஒரு காப்பியில் அட்டைகளை மட்டும் யாரோ, எப்போதோ, புதிதாகச் செய்து போட்டிருக்க வேண்டும். எந்தக் காப்பியில் என்று தெரியவில்லை. என் அம்மாவுக்காகக் காத்திருந்த அந்தப் பெண், பிற்காலத்தில் ஏதோ ஒரு ஊரில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, டீ குடிக்க எழுந்து போன ஒரு ஆளாகவும் இருக்கலாம்.

"நல்லாத்தானுங்க இருக்குது உங்க பேச்சு" என்றார் அண்ணன். "அதையவே சொல்லிப்போடுங்க. என்ற ஹார்ட் டிஸ்க்க நானே மறந்துடறனுங்க. ஷாங்காய்ல இருந்து எவன் வந்து கேக்கப் போறான்?"

வீட்டில் அம்மாவும் ஏறக்குறைய அதையே சொன்னாள். "டேபிள்ல எல்லார்ட்டயும் சொல்லிட்டேனே. இப்பப் போயி அது நான் இல்லன்னா, என்ன நினைப்பாவ?"

"அது உண்மையான்னு தெரியலம்மா."

"பொய்யின்னும் தெரியாதுல்லா?"

எழுதி வைத்த தாளை எடுத்துப் பைக்குள் வைத்தேன்.

ஞாயிறு வந்தது. ஹாலில் நாற்காலிகள் முக்கால்வாசி நிரம்பியிருந்தன. போண்டா வாசம் படியேறி வந்துகொண்டிருந்தது. எடிட்டரம்மா முன்வரிசையில், முழங்கையை மடக்கிக் கன்னத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நரைத்த தலையை ஒட்ட வெட்டியிருந்தார். அம்மா கடைசி வரிசையில், கிறிஸ்துமஸுக்கு எடுத்த சேலையில். எந்தப் பேச்சைப் பேசப் போகிறேன் என்று மைக்கைப் பிடிக்கும்போதும் எனக்குத் தெரியாது.

எழுதியதைத்தான் ஆரம்பித்தேன். பெயரில்லாத பெண், விளக்கு, கத்தரி. ஹால் அமைதியாகக் கேட்டது. அம்மாவை வைத்துச் செய்த சோதனைக்கு வந்தபோது கடைசி வரிசையில் அம்மா முந்தானையைச் சரிசெய்துகொண்டாள். அடுத்த கிளிப்பைப் போட லேப்டாப்பைக் குனிந்து பார்த்தேன். சட்டத்தில் அந்தச் சிவப்பு அம்பு இன்னும் ஒட்டிக்கொண்டிருந்தது, இல்லாத குறையைக் காட்டிக்கொண்டு. அதைப் பார்த்த பிறகு எழுதி வைத்த அடுத்த வரி வாயில் வரவில்லை.

"இதுவரைக்கும் சொன்னது ஒரு காப்பியை வெச்சு" என்றேன். "இன்னொரு காப்பி இருக்கு."

இரண்டையும் அடுத்தடுத்து ஓட்டினேன். பதற்றத்தில் முதலில் அதே காப்பியையே இரண்டு தடவை ஓட்டிவிட்டு, "வித்தியாசம் பாத்தீங்களா?" என்று வேறு கேட்டேன். சிலர் பார்த்தோம் என்று தலையாட்டினார்கள். சரியானதைப் போட்டதும் ஹாலில் சலசலப்பு. நடுவரிசையில் ஒருவர் எழுந்தார்.

"அப்ப நீங்க மொதல்ல சொன்னது தப்புங்களா?"

"தெரியலீங்க."

"இப்பச் சொல்றது சரிங்களா?"

"அதுவும் தெரியலீங்க."

"போண்டா எப்ப வரும்னாவது தெரியுங்களா?"

ஹால் சிரித்தது. நானும் சிரித்தேன், அழுகைக்குப் பக்கத்தில் இருக்கிற சிரிப்பு. அம்மா சிரிக்கவில்லை. எடிட்டரம்மா கன்னத்திலிருந்து கையை எடுத்தார்.

"ரெண்டுல உனக்கு எது பிடிச்சிருக்கு?"

"முதல் காப்பி மேடம். முடிச்சு மாறுறது."

"ஏன்?"

"கதவு, உடனே வாசல். வெளிய வந்துட்டா, இனி உள்ள போக முடியாதுன்னு தெரியுது. நடுவுல ரிக்‌ஷாக்காரர் வந்தா அவளுக்கு யோசிக்க நேரம் கிடைச்சிடுது."

"அப்போ அந்த ஷாட் தொலைஞ்சு போனது நல்லதுங்கற."

"அப்படிச் சொல்ல வரலை மேடம்."

"பின்ன எப்படி?"

நின்றேன். ஒரு வேளை அதைத்தான் சொல்ல வந்தேனா? அறுந்துபோன ஃபிலிம்தான் நான் தேடிக்கொண்டிருந்த நல்ல எடிட்டரா? "தெரியலை மேடம்" என்று உட்கார்ந்துவிட்டேன். கைதட்டல் வந்தது. போண்டாவும் அதே நேரத்தில் வந்ததால் எதற்குத் தட்டினார்கள் என்று சொல்ல முடியாது.

டீ குடிக்கும்போது அவரிடம் போய்க் கேட்டேவிட்டேன். "அசிஸ்டெண்ட்டுக்கு ஆள் தேடறீங்கன்னு அண்ணன் சொன்னாங்க."

"தேடறேன். ஆனா பேச்சைக் கேட்டு ஆள் எடுக்கறதில்லம்மா. வெட்டினது ஏதாவது இருக்கா?"

ஃபோனில் சித்தி மகளின் காதுகுத்து வீடியோவைக் காட்டினேன். போண்டாவை மென்றபடி பாதி வரைக்கும் பார்த்தார்.

"இது யார் வெட்டினது?"

"நான்தான் மேடம்."

"உன்னைக் காணோமே இதுல." ஃபோனைத் திருப்பிக் கொடுத்தார். "சரி விடு, என் பேர் போட்ட படங்களையே டிவியில பார்த்தா பாதி நான் வெட்டினதா இருக்காது. சின்னதா ஒரு சீன் வெட்டி அனுப்பு. என் அடுத்த படம் ஆரம்பிக்க இன்னும் நாள் இருக்கு." ஸ்டேஷனுக்குக் கார் வந்துவிட்டது என்று அண்ணன் கூப்பிட்டார். எடிட்டரம்மா கிளம்பிவிட்டார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் அம்மா கேட்டாள்.

"கூப்பிட்டாளா, இல்லியா?"

"கூப்பிடவும் இல்ல. வேண்டாம்னும் சொல்லல. ஒரு சீன் வெட்டி அனுப்பச் சொன்னாங்க."

"இதென்னட்டி பதிலு? பாஸும் இல்லாம ரிஜெக்ட்டும் இல்லாம."

"எனக்கும் புரியலம்மா."

அம்மாவின் டேபிளில் பாஸ், ரிஜெக்ட் தவிர மூன்றாவதாக ஒரு கூடை உண்டு. பிரித்துத் தைத்தால் தேறிவிடும் என்கிற பீஸ்களைப் போடுவது.

"அப்ப ஆல்ட்டர்" என்றாள். "ஆல்ட்டர் பீஸு திரும்ப டேபிளுக்கு வரணும்லா. வரட்டும். ஆபீஸ்ல கொஞ்சம் பொறுக்கச் சொல்லு."

இறங்கும்போது, என்னைப் பார்க்காமலே, "என்னையப் பத்தி நல்லாத்தான் சொல்லிட்டு வந்த, பொசுக்குன்னு நிறுத்திட்டியே" என்றாள். டேபிளில் போய் என்ன சொன்னாள் என்று நான் கேட்கவில்லை.

மாதக் கடைசி வரைக்கும் பொறுக்கச் சொல்லி ஆபீசுக்கு மெயில் போட்டிருக்கிறேன். அதற்குள் ஒன்று செய்து பார்க்க வேண்டும். வெட்டியதைப் பார்த்தால் வெட்டிய ஆள் தெரியுமா? ஷாங்காயில் தேடிக் கிடைக்காததை வரிசையாக ஒட்டிக் கட்டிய எங்கள் லைன் வீட்டில் தேடிப் பார்க்கப் போகிறேன். அண்ணன் கேமரா தருகிறார். அம்மா கழுத்தில் ஷாலைக் கட்டிக்கொண்டு கதவைத் திறந்து வாசலுக்கு வர வேண்டும், அவ்வளவுதான் கதை. ரிக்‌ஷாக்காரருக்குப் பதில் எதிர் வீட்டில் குடியிருக்கும் பீகார்க்கார அண்ணன், முகத்தைத் துடைத்துக்கொண்டு வானத்தைப் பார்க்கச் சம்மதித்திருக்கிறார். எதற்கு என்று கேட்டார். என் அரைகுறை ஹிந்தியில் விளக்கினேன். சினிமா என்பது மட்டும் அவருக்குப் புரிந்தது.

அந்த ஷாட்டுகளை நான் ஒரு தடவை வெட்டுவேன். அண்ணன் ஒரு தடவை. அம்மா ஒரு தடவை. அவள் பக்கத்தில் உட்கார்ந்து எங்கே என்று கை காட்டினால் நான் பட்டனை அழுத்துவேன், வாயைத் திறக்க மாட்டேன். நாலாவதாக, சீட்டுக் குலுக்கிப் போட்டு, வருகிற ஷாட்டைத் தூக்கி எறிந்துவிட்டு மீதியை அப்படியே ஒட்டியது. நான்கையும் பெயர் போடாமல் எடிட்டரம்மாவுக்கு அனுப்பி, இதில் என்னுடையது எது என்று கேட்பேன். இதைத்தான் அவர் கேட்டாரா, இல்லை இது அதிகப்பிரசங்கித்தனமா என்று தெரியவில்லை. சீட்டு வெட்டியதைக் காட்டி இதுதான் நீ என்று சொல்லிவிட்டால் அப்புறம் என்ன செய்வது என்றும் தெரியவில்லை.

வருகிற ஞாயிறு காலை, வெளிச்சம் வாசலுக்கு வரும் நேரத்தில் எடுக்கிறோம். முடிச்சு எந்தத் தோளில் என்று அம்மா இப்போதே கேட்டுக்கொண்டிருக்கிறாள். கதவு திறக்கும்போது இடது, வாசலில் வலது என்றேன்.

"அது தப்புல்லா?"

"தப்பான்னு பாக்கத்தாம்மா எடுக்கோம்."